வாக்ஓவர் வேண்டாம்

பூலமேட்டில் கபடிக்கு இரண்டு கிளப். ஊருக்குள்ளே இருப்பது ஸ்ரீராமா கிளப். ஏரிக்கரைக்குக் கீழே காலனியில் இருப்பது விடிவெள்ளி கிளப். நகரியிலிருந்து எல்லையைப் பார்த்துப் போகும் ரோட்டில் பஸ்ஸை விட்டு இறங்கினால் முதலில் ஊர், அதைத் தாண்டினால்தான் காலனி. இரண்டு கிளப்பு ஆட்களும் ஒரே பள்ளிக்கூடத்தில் படித்தவர்கள்தான். ஆனாலும் நடுக்கோட்டுக்கு இந்தப் பக்கம் ஒன்று, அந்தப் பக்கம் ஒன்று என்று நின்று அவை ஒருநாளும் ஆடியதில்லை. இந்த வருஷம் ஜூனியர் ஃபைனலுக்கு அந்த இரண்டுமே வந்து சேர்ந்தன. வம்பு அங்கேதான் ஆரம்பித்தது.

ஜூனியர் என்றதும் பொடிப்பையன்கள் ஆட்டம் என்று வெளியூர்க்காரர்கள் நினைத்துக்கொள்வார்கள். அதில் நாற்பது வயதுக்காரர்களும் ஆடுகிறார்கள். வயதுக்கும் அந்தப் பேருக்கும் சம்பந்தமில்லை, கிளப்பின் தரத்துக்கு வைத்த பேர் அது. ஒரு காலத்தில் சித்தூர் ஜில்லா முழுதுக்கும் ஒரே போட்டிதான் நடந்தது. போலீஸ் டீமும் ரயில்வே டீமும் திருப்பதி காலேஜ் டீம்களும் வந்து கோப்பையை எடுத்துப் போகும். கிராமத்து கிளப்புகள் முதல் ஆட்டத்தில் அடிவாங்கி மத்தியானப் பஸ்ஸிலேயே வீடு திரும்பும். இதைப் பார்த்துப் பார்த்து அலுத்துப்போன சித்தூர் லாரி முதலாளி ஒருவர், சின்ன கிளப்புகளுக்கென்று எழுபத்தெட்டில் தனியாக ஒரு போட்டி வைத்து, தேக்குப் பலகையில் வெள்ளித் தகடு அடித்த ஒரு ஷீல்டையும் கொடுத்தார். இதில் ஜெயித்தால் அடுத்த வருஷம் சீனியரில் ஆடலாம். ஜெயித்துப் போனவர்களில் பாதிப்பேர் மறுவருஷமே உதைபட்டுக் கீழே இறங்கி வந்தார்கள். ஆனாலும் மேலே போகிற அந்த ஒரு வருஷத்துக்காக ஆட்கள் உயிரை விட்டார்கள். கல்யாணத் தேதியைத் தள்ளிப்போட்டவர்கள் உண்டு. சந்திரகிரிக் கோட்டைக்குக் கீழே நடந்த ஒரு செமிஃபைனலில் தோள்பட்டை இறங்கியதை வெளியே சொல்லாமல் கடைசிவரை ஒற்றைக் கையால் பிடித்து ஆடியவர் ஒருவர் உண்டு. மண் தரையும் சுண்ணாம்புக் கோடும் போய் ரப்பர் மேட் வந்தது. ஜில்லாவை இரண்டாக வெட்டியபோது ஜூனியரையும் இரண்டாக்குவதா என்று கமிட்டியில் பெரிய சண்டை நடந்தது. சித்தூர்க்காரர்களும் திருப்பதிக்காரர்களும் கடைசியில் இந்த ஒரு விஷயத்தில் மட்டும் ஒன்றாகவே இருந்துவிட்டுப் போவோம் என்று முடிவு செய்தார்கள்.

அந்த ஷீல்டில் தொண்ணூற்றொன்றாம் வருஷத் தகட்டில் ஸ்ரீராமா கிளப்பின் பேர் இருக்கிறது. அது ஆடாமல் வாங்கியது. அந்த வருஷமும் விடிவெள்ளி ஃபைனலுக்குப் போயிருந்தது. சித்தூர் கிளப் ஒன்றுதான் இன்னொரு அரையிறுதியில் ஜெயித்தது. அது ஏதோ தகராறில் விலக்கப்பட்டு, அதனிடம் தோற்ற ஸ்ரீராமாவுக்கு அந்த இடம் கிடைத்தது. ஊர்ப் பெரியவர்கள் காலனிக்குச் சொல்லி அனுப்பினார்கள்: ஃபைனலுக்குப் போகிறவன் வீட்டாருக்கு அறுப்பு வேலை கிடையாது. காலனியில் அப்போது ஒருவருக்கும் கைப்பிடி மண் சொந்தமில்லை. ஏழு பேரும் வீட்டிலேயே உட்கார்ந்துவிட்டார்கள். அதில் ஒருவர் வெங்கடசாமி, சுமித்ராவின் அப்பா.

சுமித்ராதான் இப்போது விடிவெள்ளியின் மேனேஜர். வயது முப்பத்தொன்று. புத்தூரில் ஒரு தனியார் பள்ளியில் பி.இ.டி. டீச்சர். திருப்பதியில் படிக்கும்போது யூனிவர்சிட்டி பெண்கள் டீமில் ஆடியவள். முழங்கால் ஜவ்வு கிழிந்ததோடு ஆட்டம் நின்றது. ஆண்கள் டீமுக்கு ஒரு பெண் மேனேஜரா என்று முதல் வருஷம் கமிட்டியில் முணுமுணுத்தார்கள். எந்த விதியில் கூடாது என்று இருக்கிறது, காட்டுங்கள் என்று கேட்டாள். யாராலும் காட்ட முடியவில்லை. அவளுடைய தம்பி பவன்குமார் டீமுக்கு கேப்டன். சீசனில் சித்தூர் ஜூஸ் ஃபாக்டரியில் மாங்கூழ் டின் அடைக்கிற வேலை, மற்ற மாதங்களில் நகரியில் பவர்லூம். பாடிப் போனான் என்றால் எதிர்க் கட்டத்துக்குள் விழுந்த தண்ணீர் மாதிரி எந்தப் பக்கம் ஓடுவான் என்று தெரியாது.

பொங்கல் கழிந்து ஆட்டங்கள் ஆரம்பித்தன. சித்தூரில் இரண்டு சுற்று, சந்திரகிரியில் செமிஃபைனல். விடிவெள்ளி ஒரு பக்கமாகவும் ஸ்ரீராமா இன்னொரு பக்கமாகவும் ஏறி வந்தன. செமிஃபைனல் முடிந்த மறுநாள் பாலசுந்தரம் காலனிக்கு வந்தார்.

பாலசுந்தரம் முன்னாள் சர்பஞ்ச். ஊரில் டிராக்டரும் நெல் அறுக்கிற மிஷினும் அவருடையவை. ஸ்ரீராமா கிளப்புக்கு அவர்தான் தலைவர். அதன் கேப்டன் சிரஞ்சீவி அவருடைய தங்கை மகன். காலனிக்குள் அவர் பைக்கை நிறுத்தி இறங்கியது ஓட்டுக் கேட்கிற நாளைத் தவிர வேறு நாளில் அதுதான் முதல் தடவை. வெங்கடசாமி நாற்காலி போட்டார். பாலசுந்தரம் அதில் உட்கார்ந்து, தன்னைவிட ஏழெட்டு வயது மூத்தவரைப் பேர் சொல்லிக் கூப்பிட்டுப் பேச ஆரம்பித்தார்.

ரொம்ப சந்தோஷம் என்றார். ஒரே ஊரிலிருந்து இரண்டு டீம் என்றால் பூலமேட்டுக்கே பெருமை என்றார். ஆனால் திருப்பதியில், நாலு ஊர்க்காரன் வேடிக்கை பார்க்க, ஒரே ஊர்ப் பையன்கள் கட்டிப் புரண்டால் நன்றாகவா இருக்கும் என்று கேட்டார். ஒன்று செய்யலாம். ஷீல்டு ஸ்ரீராமாவுக்கு வரட்டும், எப்படியும் பூலமேடு என்றுதானே பேர். பரிசுப் பணம் முழுதும் காலனிக்கு. விடிவெள்ளியில் நன்றாக ஆடுகிற இரண்டு மூன்று பேரை அடுத்த வருஷம் ஸ்ரீராமாவிலேயே சேர்த்துக்கொண்டு சீனியரில் ஆடவைக்கலாம். எல்லாம் ஒற்றுமைக்குத்தான்.

வெங்கடசாமி தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். அரசாங்கம் கொடுத்த பட்டாவில் இப்போது அவருக்கு ஒன்றரை ஏக்கர் உண்டு. நிலக்கடலையும் நெல்லும் போடுகிறார். ஆனால் உழவுக்கு பாலசுந்தரத்தின் டிராக்டர்தான் வரவேண்டும். பாலசுந்தரம் அதை வாய்விட்டுச் சொல்லவில்லை. அந்தந்த சீசனில் டிராக்டருக்கு எவ்வளவு கிராக்கி என்று மட்டும் போகிற போக்கில் பேசினார்.

சுமித்ரா உள்ளேயிருந்து டம்ளரில் தண்ணீர் கொண்டுவந்து வைத்தாள். அவரை அவள் சார் என்றுதான் கூப்பிடுவாள். பாங்க் மேனேஜரைக் கூப்பிடுகிற மாதிரி. அது அவருக்குப் பிடிக்காது என்று அவளுக்குத் தெரியும்.

"சார், ஒத்துமைக்கு வழி அது இல்ல. ரெண்டு டீமும் வரும், ஆடும். எது ஜெயிக்குதோ அது எடுத்துக்கினு வரும்."

"நான் உங்க நைனாகிட்ட பேசிக்கினு கீறேன்."

"டீமுக்கு மேனேஜர் நான் சார். என்கிட்ட பேசணும்."

பாலசுந்தரம் வெங்கடசாமியைப் பார்த்தார். வெங்கடசாமி தலையைத் தூக்கினார். "அவ சொல்றதுதான் சார்" என்றார். அந்த சார் என்கிற சொல் அவர் வாயிலிருந்து வந்தது அன்றைக்குத்தான் முதல்முறை, அதுவரை அய்யாதான். பாலசுந்தரம் தண்ணீரைத் தொடாமலே எழுந்து போனார்.

மறுநாளே விஷயம் ஊர் முழுக்கப் பரவியது. எப்போதும் டீமை ஏற்றிப்போகும் வேன்காரர் ஃபைனல் நடக்கிற ஞாயிற்றுக்கிழமை வேறு சவாரி இருக்கிறது என்றார். கடலைக்கு உழவு கேட்டுப் போன இரண்டு பேரைப் பாலசுந்தரத்தின் டிரைவர் அப்புறம் பார்க்கலாம் என்று திருப்பி அனுப்பினான். டீமில் சிலர் தயங்கினார்கள். இத்தனைக்கும் ஜெயிப்போம் என்று நிச்சயமில்லை. ஸ்ரீராமா நல்ல டீம். சிரஞ்சீவியின் கையில் கணுக்கால் மாட்டினால் சும்மா விடமாட்டான், மூன்று செமிஃபைனல்களில் ஆடித் தோற்று நான்காவதில்தான் ஜெயித்து மேலே வந்திருக்கிறான். தோற்கப்போகிற ஆட்டத்துக்காக இவ்வளவு பகை வேண்டுமா என்று ஒருவன் கேட்டான். சுமித்ரா அவனை அதட்டவில்லை. வராதவர்கள் இப்போதே சொல்லிவிட்டால் வேறு ஆளைப் போட்டுக்கொள்வேன் என்றாள். வரமாட்டேன் என்று ஒருவரும் சொல்லவில்லை.

ஞாயிறு காலையில் நகரி ஸ்டேஷனில் ரயிலேறினார்கள். வெங்கடசாமியும் வந்தார். யாரும் கூப்பிடவில்லை, வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு, பையில் எலுமிச்சம்பழமும் குளுக்கோஸ் பாக்கெட்டும் வாங்கிக்கொண்டு வந்து நின்றார். வண்டியில் மொட்டை போடப் போகிற குடும்பங்களின் கூட்டம். பையன்கள் கதவோரமாக நின்று காலை நீட்டி மடக்கிக்கொண்டே போனார்கள்.

திருப்பதியில் முனிசிபல் ஹைஸ்கூல் மைதானத்தில் மேட் விரித்திருந்தது. நல்ல கூட்டம். கமிட்டி செக்ரெட்டரி கோபிகிருஷ்ணன் ஒரு ரிடையர்டு டிரில் மாஸ்டர். தொண்டை கட்டிய குரலில் தெலுங்கும் தமிழும் கலந்து மைக்கில் பேசிக்கொண்டிருந்தார். விடிவெள்ளி டீம் உடை மாற்றி மேட்டுக்குப் பக்கத்தில் ஓடிச் சூடேற்றிக்கொண்டது. எதிர்ப்பக்கம் காலியாகவே இருந்தது.

குறித்த நேரம் வந்தது. ரெஃபரி விசிலடித்து இரண்டு கேப்டன்களையும் கூப்பிட்டார். பவன்குமார் மட்டும் போய் நின்றான். இரண்டாம் விசிலும் அடித்தார். கூட்டத்தில் சலசலப்பு எழுந்தது. கோபிகிருஷ்ணனுக்கு ஒரு போன் வந்தது. பேசிவிட்டு முகத்தைத் துடைத்துக்கொண்டு சுமித்ராவிடம் வந்தார். ஸ்ரீராமா டீம் வரவில்லையாம், இரண்டு மூன்று பேருக்கு உடம்பு சரியில்லையாம். வாக்ஓவர், ஷீல்டு உங்களுக்குத்தான். கன்கிராட்ஸ் என்று கையை நீட்டினார்.

பையன்கள் ஹோவென்று கத்திவிட்டார்கள். ஒருவன் பவன்குமாரைத் தூக்கித் தோளில் வைத்துக்கொண்டான். சீனியர், சீனியர் என்று கத்தினார்கள். மேஜையின்மேல் ஷீல்டு இருந்தது. பக்கவாட்டில் இந்த வருஷத் தகடு பேர் எழுதாமல் பளபளத்தது.

சுமித்ரா கையைக் கொடுக்கவில்லை. அவளுக்கு முதலில் வந்தது சந்தோஷம்தான், அதை இல்லையென்று சொல்ல முடியாது. அடுத்த நொடியே அது கசந்தது. வராதவன் தோற்கமாட்டான். நாளைக்கு ஊர் டீக்கடையில் என்ன பேசுவார்கள் என்பது அவள் காதிலேயே கேட்டது. அவங்களோட ஆடறதா, நாங்க போகவேயில்ல, சும்மா கெடந்ததைத் தூக்கிக்கினு வந்துட்டானுங்க. அன்றைக்குக் காலனியை வரவிடாமல் செய்து ஷீல்டை எடுத்துக்கொண்டார்கள். இன்றைக்குத் தாங்களே வராமல் இருந்து அதே ஷீல்டை எச்சிலாக்கிக் கொடுக்கிறார்கள். இரண்டிலும் காலனிக்காரன் எதிரில் நின்று ஆடவேயில்லை.

"சார், வாக்ஓவர் வேண்டாம்" என்றாள்.

கோபிகிருஷ்ணனுக்குப் புரியவில்லை. வாக்ஓவர் என்பது வேண்டும் வேண்டாம் என்று சொல்லக்கூடியதில்லை, அது ரூல் என்றார். ரூல்படி ஜெயித்த கேப்டன் ஸ்கோர் ஷீட்டில் கையெழுத்துப் போடவேண்டும், எங்கள் கேப்டன் போடமாட்டான் என்றாள். இருட்டுவதற்குள் ஆட்டத்தை வைத்துக்கொள்ள கமிட்டிக்கு அதிகாரம் உண்டு என்பதையும் நினைவுபடுத்தினாள். அந்த டீம் எங்கேயிருந்தாலும் நான் போய்க் கூட்டிவருகிறேன், அதுவரைக்கும் ஆட்டம் முடிந்தது என்று மைக்கில் சொல்லாதீர்கள் என்றாள்.

பையன்கள் சத்தம் அடங்கி அவளைப் பார்த்தார்கள். பவன்குமார் தோளிலிருந்து குதித்து வந்தான்.

"அக்கா, இன்னா பண்ற? கைல வந்துடுச்சி."

"கைல வரல. கால்ல போட்டிருக்காங்க. நீ குனிஞ்சி எடுக்கணுமா?"

"தோத்துட்டா?"

"தோத்தா தோத்தோம்னு சொல்லு. அதையாவது சொல்ற மாதிரி ஆடிட்டு வா."

அவன் கொஞ்ச நேரம் ஷீல்டையே பார்த்துக்கொண்டிருந்தான். பிறகு ரெஃபரியிடம் போய், கையெழுத்துப் போடமாட்டேன் என்று தெலுங்கில் சொல்லிவிட்டு மேட்டின் நடுக்கோட்டில் சம்மணம் போட்டு உட்கார்ந்துகொண்டான். ஒவ்வொருவராக மற்ற ஆறு பேரும் வந்து பக்கத்தில் உட்கார்ந்தார்கள். இரண்டு பேர் முகத்தில் கோபம் அப்பட்டமாகத் தெரிந்தது, ஆனாலும் உட்கார்ந்தார்கள். கூட்டம் கைதட்ட ஆரம்பித்தது. கோபிகிருஷ்ணன் வாட்சைப் பார்த்தார். நாற்பது வருஷத்துக்கு மேல் ஜூனியர் பார்க்கிறேன், கப்பை வேண்டாமென்று சொன்னவர்களை இன்றைக்குத்தான் பார்க்கிறேன் என்று தெலுங்கில் தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். ஒரு மணி நேரம் தருகிறேன், அதற்குமேல் என் கையில் இல்லை என்றார்.

சுமித்ரா சிரஞ்சீவிக்கு போன் போட்டாள். பத்தாம் வகுப்புவரை ஒன்றாகப் படித்தவன். இரண்டு தடவை எடுக்கவில்லை, மூன்றாம் தடவை எடுத்தான். எங்கே இருக்கிறாய் என்று கேட்டாள். கோவிந்தராஜ சுவாமி கோயிலுக்குப் பக்கத்துத் தெருவில், வேனிலேயே இருக்கிறோம் என்றான். உடம்பு யாருக்குச் சரியில்லை என்று கேட்டதும் போனை வைத்துவிட்டான்.

ஆட்டோவில் ஏறினாள். வெங்கடசாமியும் வந்து ஏறிக்கொண்டார்.

ஒரு சத்திரத்து வாசலில் வேன் நின்றது. காலனி டீமை ஏற்றமாட்டேன் என்ற அதே வேன். உள்ளே ஸ்ரீராமா பையன்கள் நீல ஜெர்சியோடு, முழங்காலுக்குப் பட்டை கட்டி, ஆட்டத்துக்குத் தயாராகவே உட்கார்ந்திருந்தார்கள். வந்த இடத்தில்தான் அவர்களை நிறுத்தியிருக்கிறார்கள் என்று தெரிந்தது. பாலசுந்தரம் எதிரில் காபி குடித்துக்கொண்டிருந்தார். அவர்களைப் பார்த்ததும் டம்ளரை வைத்துவிட்டு வந்தார்.

"ஷீல்டு குடுத்துட்டாங்க இல்ல? எடுத்துக்கினு போங்க. நாங்க சாமி பாத்துட்டு வரோம்."

சுமித்ரா அவரைத் தாண்டி நடந்தாள். வேன் ஜன்னலுக்குப் போனாள்.

"சிரஞ்சீவி, கையெழுத்து போடல. ஷீல்டு மேஜைமேலதான் கீது. பவன் மேட்டுல குந்திக்கினு கீறான், உனக்காக."

சிரஞ்சீவி மாமாவைப் பார்த்தான். பாலசுந்தரம், சும்மா கிடைத்ததை எடுத்துக்கொண்டு போகத் தெரியாதவர்களோடு என்ன பேச்சு, கதவைச் சாத்து என்றார்.

"கெடச்சது வேற, போட்டது வேற சார்" என்றாள் சுமித்ரா, அவர் பக்கம் திரும்பாமலே. "சிரஞ்சீவி, நீ பயந்துட்டன்னு நான் சொல்ல வரல. உன் டீம் எங்களுக்கு மேல. அது தெரிஞ்சிதான் கூப்பிட வந்திருக்கேன். மூணு தபா செமில தோத்து இப்பதான் ஃபைனலுக்கு வந்த. வேன்லயே குந்திக்கினு முடிச்சிடுவியா?"

அப்போதுதான் வெங்கடசாமி பின்னாலிருந்து முன்னே வந்தார்.

"நானும் ஒரு தபா ஃபைனல் அன்னிக்கி டிராயர் போட்டுக்கினு ஊட்ல குந்திக்கினு இருந்தேன்" என்றார். "எனக்கு வேற வழி இல்ல. உனக்குக் கீது பா."

சிரஞ்சீவி கதவைத் திறந்து இறங்கினான். பாலசுந்தரம் அவன் கையைப் பிடித்தார். அவர்களிடம் தோற்றால் ஊரில் தலை காட்ட முடியுமா என்று கேட்டார். சிரஞ்சீவி கையை மெதுவாக விடுவித்துக்கொண்டு, "தோக்க மாட்டேன் மாமா, பாரு" என்றான். பின்னால் பையன்கள் தொபுதொபுவென்று இறங்கினார்கள். ஒருவன் மட்டும், பாலசுந்தரத்தின் மகன், இறங்கலாமா வேண்டாமா என்று பார்த்துவிட்டு உள்ளேயே இருந்துகொண்டான். மற்றவர்கள் ஜெர்சியோடு தெருவில் ஓடவே ஆரம்பித்தார்கள். ஆட்டோவைவிட அவர்கள்தான் முதலில் போய்ச் சேர்ந்தார்கள்.

நீல ஜெர்சிகள் கேட்டுக்குள் நுழைந்ததும் மைதானத்தில் எழுந்த சத்தம் பஸ் ஸ்டாண்டு வரை கேட்டிருக்கும். பவன்குமார் எழுந்து காலை உதறிக்கொண்டான். அவனும் சிரஞ்சீவியும் நடுக்கோட்டில் கை கொடுத்துக்கொண்டார்கள். அந்த இரண்டு கிளப்புகளும் ஒரே கட்டத்தில் நின்றது அதுதான் முதல் தடவை.

ஆட்டம் ஆரம்பத்தில் விடிவெள்ளிக்குக் கைவரவில்லை. கோபமாக ஆடினார்கள். கோபக்காரன் காலை முன்னால் வைப்பான், சிரஞ்சீவிக்கு அதுதான் வேண்டும். முதல் பாதியில் விடிவெள்ளியை ஒருமுறை மொத்தமாக வெளியேற்றி, எட்டுப் புள்ளி முன்னால் போய்விட்டார்கள். இடைவேளையில் சுமித்ரா நீளமாகப் பேசவில்லை. யாரும் சிரஞ்சீவியைத் தொடப் போகாதீர்கள், அவனுக்கு எதிர்ப்பக்கம் நிற்கிற ஆளைத் தொட்டுவிட்டு வாருங்கள், அவன் தன் இடத்தை விட்டுத் தானாக நகர்ந்து வருவான் என்றாள். வெங்கடசாமி எலுமிச்சம்பழத்தை வெட்டி ஆளுக்கொரு துண்டு வாயில் வைத்தார்.

இரண்டாம் பாதியில் ஆட்டம் திரும்பியது. பவன்குமார் ஒரே பாட்டில் மூன்று பேரைத் தொட்டுவிட்டு, இடுப்பில் ஒருவன் தொங்க, விரல் நுனியால் கோட்டைத் தொட்டான். அப்புறம் ஸ்ரீராமாவும் ஒருமுறை மொத்தமாக வெளியேறியது. புள்ளிகள் சமமாயின. பிறகு ஒன்று இந்தப் பக்கம், ஒன்று அந்தப் பக்கம். வேலிக்கு வெளியே பாலசுந்தரம் வந்து நிற்பதை சுமித்ரா கண்டாள். எப்போது வந்தார் என்று தெரியவில்லை. அவர் உதடு கபடி கபடி என்று அசைந்துகொண்டிருந்தது.

கடைசிப் பாட்டு பவன்குமாருடையது. ஸ்ரீராமா ஒரு புள்ளி முன்னால். தொட்டுவிட்டு வந்தால் சமம், இரண்டு பேரைத் தொட்டால் ஷீல்டு. பாடிக்கொண்டே போனான். வலது பக்கம் ஒருவனைத் தொட்டான், தெளிவாகத் தொட்டான். திரும்பினான். சிரஞ்சீவி தரையோடு தரையாகப் பாய்ந்து அவன் கணுக்காலைப் பிடித்தான். பவன்குமார் ஒற்றைக் காலில் குதித்தான், விழுந்தான், கையை நீட்டினான். நடுக்கோட்டுக்கும் அவன் விரலுக்கும் நடுவே ஒரு சாண் இருந்தது. மேலே நான்கு பேர் விழுந்தார்கள். அந்தக் குவியலின் அடியிலிருந்து கபடி கபடி என்ற சத்தம் மட்டும் வந்துகொண்டே இருந்தது, மூச்சு அறும்வரை. அப்புறம் விசில்.

விடிவெள்ளி இரண்டு புள்ளியில் தோற்றது.

பவன்குமார் மேட்டில் முகம் புதைத்து அழுதான். வாக்ஓவரை வாங்கியிருந்தால் என்று டீமில் ஒருவன் சத்தமாகவே சொன்னான். சுமித்ராவின் காதிலும் அது விழுந்தது. கையில் இருந்த ஷீல்டைத் தானே கொண்டுபோய் அவர்களிடம் கொடுத்த மாதிரிதான் ஆயிற்று. இதற்கு யாராவது தன்னைத் திட்டினால் திட்டட்டும் என்று நின்றாள். ஆனால் செய்தது தப்பு என்று மட்டும் அவளுக்குத் தோன்றவில்லை. சிரஞ்சீவி வந்து பவன்குமாரைக் கைகொடுத்துத் தூக்கினான். கணுக்கால் சரியாக இருக்கிறதா என்று கேட்டான்.

ஷீல்டு ஸ்ரீராமாவுக்குப் போனது. தோற்றவர்களுக்கு முழ உயரத்தில் ஒரு ரன்னர் கப். அதை வாங்க சுமித்ராவையே மேடைக்குக் கூப்பிட்டார் கோபிகிருஷ்ணன். கொடுக்கும்போது மைக்கை மூடிக்கொண்டு, இத்தனை வருஷத்தில் இந்த மாதிரி ஃபைனல் நடந்ததில்லை என்றார். அது எங்களுக்கும் தெரியும் சார் என்று சொல்லி வாங்கிக்கொண்டாள்.

அன்றைக்குத் திருப்பதியிலேயே தங்கிவிட்டு மறுநாள் காலையில் ஊர் திரும்பினார்கள். பஸ் நிறுத்தத்தில் இறங்கினால் காலனிக்குப் போக இரண்டு வழி. பெரிய தெரு வழியாக நேராகப் போகலாம். ஏரிக்கரையைச் சுற்றியும் போகலாம். இப்போது யாரும் யாரையும் பெரிய தெருவில் நடக்கக்கூடாது என்று தடுப்பதில்லை. ஆனால் காலனிக் கல்யாணமோ சாமியோ சாவோ, மேளத்தோடு போவதென்றால் கரையைச் சுற்றித்தான். எழுதாத சட்டம் அது.

நிறுத்தத்தில் காலனி ஆட்கள் மேளத்தோடு காத்திருந்தார்கள். போனில் வெங்கடசாமிதான் முதல்நாளே சொல்லி வைத்திருந்தார் என்பது அப்போதுதான் சுமித்ராவுக்குத் தெரிந்தது. தோத்துட்டு வரோமே நைனா, இதுக்கு எதுக்கு மேளம் என்று பவன்குமார் கூச்சப்பட்டான். அவர் கப்பை வாங்கி அவன் கையில் கொடுத்து, தூக்கிப் பிடி என்றார். மேளக்காரர்கள் பழக்கத்தில் ஏரிக்கரைப் பக்கம் திரும்பினார்கள்.

"அந்தப் பக்கம் இல்ல" என்றாள் சுமித்ரா. "நேரா."

மேளம் ஒரு நொடி நின்றது. பிறகு நேராகத் திரும்பியது.

பெரிய தெருவில் மேளச்சத்தம் இரண்டு பக்கச் சுவர்களிலும் மோதித் திரும்பி வந்தது. சில கதவுகள் சாத்திக்கொண்டன. சில கதவுகள் திறந்தன. ஸ்ரீராமா பையன்கள் இரண்டு மூன்று பேர் பல் தேய்த்துக்கொண்டே வாசலுக்கு வந்து பார்த்தார்கள். ஒருவன் கையைத் தூக்கினான். பாலசுந்தரம் தன் வீட்டு கேட்டில் நின்றார். உள்ளே கூடத்து மேஜையில் ஷீல்டுக்கு மாலை போட்டிருந்தது தெருவிலிருந்தே தெரிந்தது.

"தோத்துட்டு வந்து மேளமா?" என்றார்.

வெங்கடசாமி நின்றார். பின்னால் மொத்தக் கூட்டமும் நின்றது.

"ஆமா சார், தோத்துட்டோம்" என்றார், தெருவுக்கே கேட்கிற மாதிரி. "உங்க டீமோட ஆடித் தோத்தோம்."

பாலசுந்தரம் எதுவோ சொல்ல வாயெடுத்தார். மேளம் மறுபடி எழுந்தது, அவர் சொன்னது கேட்கவில்லை. அந்த சீசனுக்கு அவருடைய டிராக்டர் காலனிக்கு வரப்போவதில்லை என்பது எல்லோருக்கும் தெரியும். நகரியிலிருந்து வண்டி பேச வெங்கடசாமி ஏற்கெனவே ஆளை அனுப்பிவிட்டிருந்தார். முன்னால் போன பையன்கள் தெருவைச் சீக்கிரம் கடந்துவிடவேண்டும் என்று நடையை எட்டிப் போட்டார்கள். சுமித்ரா வலிக்கிற முழங்காலை மெல்ல ஊன்றி நடந்துகொண்டே அவர்களைக் கூப்பிட்டாள்.

"மெதுவா போங்கடா. அவசரம் ஒண்ணும் இல்ல."